இறவை மோட்டாரும் கைப்பேசிச் செய்தி முறைமையும்

கிணற்றுப் பாசனத்தை நம்பியிருக்கும் விவசாயிகள் இராக்காலத்தில் மோட்டார் போடுவதற்காகத் தோட்டத்துக்குச் சென்று வருவதிலுள்ள சிரமத்தை இங்கு விரித்துரைக்க வேண்டுவதில்லை. மும்முனை மின்சாரம் எந்நேரம் வருகின்றதோ அந்நேரத்தில் எழுந்து, கையில் விளக்குடன் வரப்பின்மேல் நடந்து, மோட்டார்க் கொட்டகையை அடைவதற்குள் மின்சாரம் நின்றுவிடுதலும் உண்டு. வழியில் பாம்பு முதலிய விஷ ஜந்துக்களுக்கு அஞ்ச வேண்டியிருத்தலும் உண்டு. இத்துன்பம் நீங்கும்பொருட்டு, ஸ்டார்ட்டர்ப் பெட்டியுடன் இணைத்து, வீட்டிலிருந்தபடியே கைப்பேசியினால் மோட்டாரைப் போடவும் நிறுத்தவும் உதவும் கருவிகளைப் பல கம்பெனியார் விற்று வருகின்றனர். தமிழ்நாட்டில் வேளாண்மைப் பொறியியல் துறையினர் இக்கருவிகளுக்கு மானியமும் அளித்திருக்கின்றனர். ஊராட்சிகளில் மேல்நிலைத் தொட்டிகளின் நீர்மட்டத்தை அறிவதற்கும் இவ்வினத்தைச் சேர்ந்த கருவிகளை அமைக்கலாம்.

இக்கருவியை வாங்குகின்றவர்கள் அதன் விலை என்ன, உத்தரவாதம் எத்தனை வருஷம், பழுது பார்க்க ஆள் வருவார்களா என்பவற்றை விசாரிக்கின்றார்கள். தாம் அனுப்பும் ஆணை எவ்வழியே செல்கின்றது, அது சென்று சேர்ந்ததென்பதை யார் சொல்ல அறிகின்றோம் என்று விசாரிப்பவர் மிகச் சிலர். இதனால் விளையக்கூடிய நஷ்டத்துக்கு ஓர் உதாரணம் கூறுவோம். ஒரு விவசாயி கத்தரி நாற்று நட்டு, மூன்றாம் நாள் உயிர்த் தண்ணீர் விடவேண்டிய தருணத்தில் வெளியூர் செல்ல நேர்ந்தது என்று வைத்துக்கொள்வோம். மடையைத் திறந்து வைத்துவிட்டுப் போனவர், உரிய நேரத்தில் கைப்பேசியில் 'மோட்டார் போடு' என்னும் பொத்தானை அழுத்துகின்றார். திரையில் பச்சைக் குறி தோன்றுகின்றது. மனம் நிம்மதியடைந்து தம் காரியத்தைக் கவனிக்கின்றார். மறுநாள் மாலை திரும்பி வந்து பார்த்தால் வாய்க்கால் உலர்ந்திருக்கின்றது. நாற்றுக்கள் தலை சாய்ந்து கிடக்கின்றன. டிரான்ஸ்பார்மரில் ஒரு பியூஸ் போயிருந்தமையால் மோட்டார் ஓடவேயில்லை. கருவி பொய் கூறிற்று என்று சொல்லுதற்கில்லை. அந்தப் பச்சைக் குறி எதற்கு அடையாளம் என்பதை அவர் முன்னரே விசாரித்திலர்.

இக்குறியின் பொருளை விளங்கிக்கொள்ள வேண்டுமானால், கைப்பேசியும் தோட்டத்துக் கருவியும் எந்த ஒழுங்கின்படி ஒன்றோடொன்று பேசுகின்றன என்பதைச் சிறிது அறிதல் வேண்டும். யார் முதலில் பேசுவது, எந்த வடிவில் பேசுவது, கேட்டவர் கேட்டதை எவ்வாறு தெரிவிப்பது, பேச்சு இடையில் அறுந்தால் என்ன செய்வது என இரு தரப்பாரும் முன்கூட்டியே ஒப்புக்கொண்ட விதிகளின் தொகுதியையே புரோட்டோகால் என்கின்றனர். நெறிமுறை என்று தமிழில் எழுதுவர். நாம் இக்கட்டுரையில் செய்தி முறைமை என்போம்.

முதலில் வந்த கருவிகள் இன்டர்நெட்டை நாடவில்லை. தோட்டத்துக் கருவியிலுள்ள சிம் எண்ணைக் கூப்பிட்டு, அது எடுத்தவுடன் 1 என்னும் எண்ணை அழுத்தினால் மோட்டார் ஓடும். 2 என்பதை அழுத்தினால் நிற்கும். ஒவ்வோர் எண்ணும் அழுத்தப்படுங்கால், தாழ்ந்த சுருதி ஒன்றும் உயர்ந்த சுருதி ஒன்றுமாக இரண்டு ஒலிகள் சேர்ந்து எழுகின்றன. 1 என்பதற்கு வினாடிக்கு 697 அதிர்வும் 1,209 அதிர்வும் உள்ள ஒலிகள். கருவி இவ்விரட்டை ஒலியைக் கேட்டு இன்ன எண் என்று தெரிந்துகொள்கின்றது. இம்முறை எளியது, இன்றும் பல தோட்டங்களில் நன்கு உழைத்து வருகின்றது. பேசிக்கொண்டிருக்கும்போதே பதிலும் கிடைத்துவிடுகின்றபடியால், ஆணை போயிற்றா இல்லையா என்னும் ஐயம் இதில் குறைவு.

குறுஞ்செய்தி வாயிலாக ஆணை பெறும் கருவிகளைப் பற்றி எச்சரிக்கை தேவை. குறுஞ்செய்தியானது அனுப்பியவரிடமிருந்து நேரே பெறுபவரிடம் செல்வதன்று. நடுவே ஒரு நிலையத்தில் தங்கி, பெறுபவரின் கருவி தொடர்பில் இல்லையாயின் அது தொடர்புக்கு வரும்வரை காத்திருந்து, பின்னரே சேர்க்கப்படும். மாலை 6 மணிக்கு அனுப்பிய 'போடு' என்னும் ஆணை நள்ளிரவில் போய்ச் சேருதல் கூடும். அனுப்பியவரோ அதற்குள் வேறு ஏற்பாடு செய்துவிட்டு உறங்கப் போயிருப்பார். வயலில் நீர் நிரம்பி வரப்பு உடைந்த பிறகே விஷயம் தெரியவரும்.

நிற்க. இக்காலத்தில் விற்கப்படும் கருவிகளில் பல இன்டர்நெட் வழியாகவே பேசுகின்றன. அவற்றுட் பெரும்பாலானவை கைக்கொள்ளும் செய்தி முறைமைகளுள் முக்கியமானது எம்.க்யூ.டி.டி. என்பது. இதனை 1999-ஆம் வருஷத்தில் ஐ.பி.எம். கம்பெனியைச் சேர்ந்த ஆண்டி ஸ்டான்ஃபோர்ட்-கிளார்க் என்பவரும் ஆர்லன் நிப்பர் என்பவரும் வகுத்தனர். வயலை எண்ணி வகுத்ததன்று. நெடுந்தொலைவு செல்லும் எண்ணெய்க் குழாய்களின் அழுத்தத்தையும் ஓட்டத்தையும் தூரத்திலிருந்து கண்காணிக்கும்பொருட்டு வகுத்தது. ஆளற்ற இடங்களில் குழாயின் பக்கத்தே வைத்த கருவிகள் செயற்கைக் கோள் வழியாகச் செய்தி அனுப்ப வேண்டியிருந்தன. அவ்வழிக்குக் கட்டணம் மிக அதிகம். பாட்டரியும் சீக்கிரம் தீரக் கூடாது. இணைப்பும் அடிக்கடி அறுந்து போகும். ஆதலால் சொற்ப எழுத்துக்களில் செய்தி முடியவேண்டும் என்பதையும், இணைப்பு அறும் என்பதையும் முதலிலேயே ஒப்புக்கொண்டு இம்முறைமை அமைக்கப்பட்டது. மேய்ச்சற் காட்டின் ஓரத்தில், ஒரு கோடு மட்டும் காட்டும் சிக்னலை நம்பியிருக்கும் நமது கிணற்று மேட்டுக்கு இது பொருந்தியமைந்ததில் வியப்பில்லை.

2010-ல் இதன் விதிகளை எவரும் கட்டணமின்றிக் கைக்கொள்ளலாம் என்று வெளியிட்டனர். 2014-ல் ஓயாசிஸ் என்னும் தர நிர்ணய ஸ்தாபனத்தார் 3.1.1 என்னும் பதிப்பைத் தரமாக ஏற்றனர்; 2016-ல் அது சர்வதேசத் தரமும் ஆயிற்று; 2019-ல் 5-ஆம் பதிப்பு வந்தது. பேஸ்புக் கம்பெனியார் 2011-ல் தங்கள் மெசெஞ்சர் என்னும் கைப்பேசிச் செயலியை வெளியிட்டபோது, பாட்டரியை அதிகம் உண்ணாமல் செய்தி விரைவில் சேரவேண்டும் என்று கருதி இதனையே மேற்கொண்டனர். குழாய்க்கு வகுத்தது அரட்டைக்கும் பயன்பட்டது.

இதன் அமைப்பு பின்வருமாறு. தோட்டத்துக் கருவியும் விவசாயியின் கைப்பேசியும் ஒன்றையொன்று நேரே அழைப்பதில்லை. அழைக்கவும் இயலாது. கைப்பேசிக் கம்பெனியார் தங்கள் சந்தாதாரர் பலருக்கும் ஒரே பொது விலாசத்தைப் பங்கிட்டு அளிப்பதால், வெளியிலிருந்து ஒருவரை நேரே தேடி வருவதற்கு வழி பெரும்பாலும் இருப்பதில்லை. உள்ளிருந்து வெளியே செல்வதற்கே வழியுண்டு. எனவே இரு கருவிகளும் வெளியே வந்து ஓரிடத்தில் கூடுகின்றன. அவ்விடத்துக்கு ஆங்கிலத்தில் புரோக்கர் என்று பெயரிட்டிருக்கின்றனர். நாம் தரகு நிலையம் என்போம். மண்டித் தரகரைப் போல் இரு பக்கமும் தரகு வாங்குவதில்லை. வந்த செய்தியை வேண்டியவர்க்குச் சேர்ப்பதோடு அதன் வேலை முடிந்தது. கருவி விற்ற கம்பெனியார் அதற்கென வருஷச் சந்தா வாங்குதல் வேறு விஷயம்.

செய்தி அனுப்புகின்றவர் இன்னாருக்கு என்று பெயர் குறிப்பதில்லை. இன்ன தலைப்பில் என்று குறித்து அனுப்புகின்றார். கேட்க விரும்புகின்றவர் அத்தலைப்பைத் தமக்கு வேண்டுமென்று முன்பே பதிவு செய்துகொள்கின்றார். தலைப்புக்கள் நமது நில அளவை விலாசம் போலவே படிப்படியாக அமைகின்றன. தாலூகா, கிராமம், சர்வே எண், உட்பிரிவு என்று நாம் எழுதுவதுபோல், 'தோட்டம்/வடக்குக்கிணறு/மோட்டார்/நிலை' என்று சாய்கோடு இட்டு எழுதுகின்றனர். ஒரு படியில் எதுவாயினும் சரி என்பதற்குக் கூட்டற் குறியும், இதன்கீழ் உள்ள யாவும் என்பதற்கு நான்கு கோடுகள் குறுக்கிட்ட ஒரு குறியும் உண்டு. ஊராட்சியில் ஆறு தொட்டிகள் இருந்தால், 'ஊராட்சி/+/நீர்மட்டம்' என்று ஒரே வரியில் பதிவு செய்து ஆறின் நீர்மட்டத்தையும் பெறலாம். கருவியைத் தேடி அலைய வேண்டுவதில்லை. ஏழாவது தொட்டி வந்தாலும் பதிவை மாற்ற வேண்டுவதில்லை.

செய்தியின் அளவைப் பற்றியும் ஒரு வார்த்தை. ஓர் ஆங்கில எழுத்து அடங்கும் இடத்துக்கு ஒரு பைட் என்று பெயர். இணையப் பக்கங்களைப் பார்க்க உபயோகிக்கும் முறைமையில், ஒவ்வொரு முறையும் கேட்பவரைப் பற்றிய விவரங்களே சில நூறு பைட்டுக்களாகத் தலைப்பகுதியில் சேர்ந்து செல்லும். எம்.க்யூ.டி.டி. முறைமையில் கட்டாயமாகச் செல்லவேண்டிய தலைப்பகுதி 2 பைட்டில் முடியக்கூடும். தமிழ் எழுத்தை இவ்வழியில் அனுப்பினால் குறி ஒன்றுக்கு 3 பைட் ஆகும். 'மோட்டார்' என்னும் சொல்லுக்கு மாத்திரம் 24 பைட். ஆகையால் கருவிகளுக்குள்ளே 0, 1 என்று பேசிக்கொண்டு, கைப்பேசித் திரையில் மட்டும் தமிழில் காட்டுதல் சிக்கனமான வழி.

இனி, இக்கட்டுரையின் முக்கிய விஷயத்துக்கு வருவோம். இம்முறைமையில் செய்தி சேர்ப்பதற்கு மூன்று தரங்கள் உள்ளன. 0-ஆம் தரத்தில், செய்தியை ஒரு முறை அனுப்பி அத்தோடு விட்டுவிடுவது. சாதாரணக் கார்டைத் தபாற் பெட்டியில் போட்டு வந்ததற்கு ஒப்பாகும். 1-ஆம் தரத்தில், பெற்றவர் 'பெற்றேன்' என்று ஒப்புகை அனுப்ப வேண்டும். ஒப்புகை வராவிடில் செய்தியை மறுபடி அனுப்பலாம். செய்தி சேர்ந்து ஒப்புகை மட்டும் வழியில் தவறிப்போனால், அதே செய்தி இரண்டாம் முறையும் போய்ச் சேரும். 2-ஆம் தரத்தில் நான்கு அடிகள்: செய்தி செல்லும், பெற்றதாகப் பதில் வரும், 'அப்படியாயின் விடுவிக்கலாம்' என்று மறு சொல் செல்லும், 'முடிந்தது' என்று இறுதிச் சொல் வரும். இதனால் செய்தி ஒரு முறையே சேரும், இரு முறை சேராது.

இவற்றுள் மேலான தரமே எப்போதும் வேண்டும் என்று எண்ணற்க. ஐந்து நிமிஷத்துக்கு ஒரு முறை மண்ணின் ஈரத்தைச் சொல்லும் கருவிக்கு 0-ஆம் தரமே போதும். ஒன்று தவறினால் அடுத்தது வந்துவிடும். மோட்டாருக்கு இடும் ஆணை 1-ஆம் தரத்துக்குக் குறையாமல் இருத்தல் வேண்டும். ஆனால் இங்கே ஒரு பொறி உண்டு. சில கருவிகளில் ஒரே பொத்தான். அதை அழுத்தினால், ஓடுகின்ற மோட்டார் நிற்கும், நிற்கின்ற மோட்டார் ஓடும். அஃதாவது அது அனுப்பும் ஆணை 'மாற்று' என்பது. இவ்வாணை இரண்டு முறை சேர்ந்தால் மோட்டார் ஓடத் தொடங்கி உடனே நின்றுவிடும். 'போடு' என்று ஓர் ஆணையும் 'நிறுத்து' என்று வேறோர் ஆணையும் தனித்தனியே இருப்பின், ஒன்றே பத்து முறை சேர்ந்தாலும் கெடுதியில்லை. போட்ட மோட்டாரை மறுபடி போடு என்றால் அது ஓடிக்கொண்டுதானே இருக்கும்? பதில் வரத் தாமதமானால் பொத்தானைத் திரும்பத் திரும்ப அழுத்துவது மனித இயற்கையாதலால், இதனை விசாரித்தே வாங்கவேண்டும்.

மற்றொன்று, இதைவிட முக்கியமானது. ஒப்புகை என்று சொன்னோமே, அவ்வொப்புகையை அனுப்புவது யார்? கைப்பேசி செய்தி அனுப்பினால் ஒப்புகை கொடுப்பது தரகு நிலையம், மோட்டார் அன்று. நிலையத்திலிருந்து தோட்டத்துக் கருவிக்குச் செல்லும் இரண்டாவது பயணம் தனி. அதன் ஒப்புகையும் நிலையத்தோடு நின்றுவிடும், நம் கைப்பேசிக்கு வராது. அன்றியும், நாம் 2-ஆம் தரத்தில் அனுப்பினாலும், கருவி 0-ஆம் தரத்தில் கேட்கப் பதிவு செய்திருந்தால், இரண்டாவது பயணம் 0-ஆம் தரத்திலேயே நடக்கும். ஒப்புகைச் சீட்டு தபாலாபீஸ் குமாஸ்தா கையெழுத்திட்டுக் கொடுத்தது என்றால், கடிதம் பெறவேண்டியவர் கைக்குச் சேர்ந்ததென்று எவரேனும் கொள்வார்களா? மேலே சொன்ன கத்தரித் தோட்டக்காரர் பார்த்த பச்சைக் குறி அத்தகைய குமாஸ்தா கையெழுத்தாக இருந்திருக்கும்.

கருவி ஆணையைப் பெற்றது என்று திட்டமாகத் தெரிந்தாலும், மோட்டார் ஓடிற்று என்று அதனால் ஏற்படாது. ஸ்டார்ட்டரின் காந்தம் இழுத்திருக்கலாம், ஒரு முனையில் மின்சாரம் இல்லாதிருக்கலாம், பெல்ட் அறுந்திருக்கலாம், கிணற்றில் நீர் வற்றி, பம்பு காற்றை இழுத்துக்கொண்டிருக்கலாம். ஆகையால் நல்ல கருவியானது, மோட்டாருக்குச் செல்லும் கம்பியைச் சுற்றி ஒரு வளையத்தை மாட்டி, எத்தனை ஆம்பியர் மின்சாரம் ஓடுகின்றது என்று தானே அளந்து, அவ்வளவைத் தனித் தலைப்பில் திருப்பி அனுப்பும். விவசாயி பார்க்கவேண்டியது அந்த எண்ணையே. தமது மோட்டார் நன்றாக நீர் இறைக்கும்போது மூன்று முனைகளிலும் எத்தனை ஆம்பியர் எடுக்கின்றது என்பதைக் கருவி பொருத்தும் நாளிலேயே குறித்து வைத்துக்கொண்டால், பின்னர் அது வெகுவாகக் குறைந்து காணும்போது பம்பு வறண்டு ஓடுகின்றதோ என்றும், ஒரு முனையில் பூஜ்யமாகவும் மற்ற இரண்டில் மிகுந்தும் காணும்போது ஒரு முனை போயிற்று என்றும், காயில் கருகுமுன் தெரிந்துகொள்ளலாம்.

தரகு நிலையத்துக்கு மற்றொரு வசதி உண்டு. ஒரு தலைப்பில் கடைசியாக வந்த செய்தியை, 'வைத்திரு' என்னும் குறிப்போடு வந்ததாயின், அது சேமித்து வைத்துக்கொண்டு, பின்னர் வந்து பதிவு செய்வோர்க்கு உடனே கொடுக்கும். சாவடிச் சுவரில் ஒட்டிய அறிவிப்பை, பிந்தி வந்தவரும் படித்தறிவது போல. மோட்டாரின் நிலையைப் பொறுத்தவரை இது மிகவும் அனுகூலம். கைப்பேசியைத் திறந்தவுடன் கடைசி நிலை தெரியும். ஆனால் ஆணைகளுக்கு இக்குறிப்பை இடுதல் பெரும் பிசகு. நேற்று மாலை அனுப்பிய 'போடு' என்னும் ஆணை சுவரிலேயே ஒட்டியிருக்க, இரவெல்லாம் மின்சாரமின்றிக் கிடந்த கருவி காலையில் உயிர் பெற்று வந்து அதனைப் படித்து, உடனே மோட்டாரைப் போட்டுவிடும். 1-ஆம் தரத்துக்கு மேற்பட்ட செய்திகளை, தொடர்பற்ற கருவிக்காக நிலையத்தில் வரிசையாகச் சேர்த்து வைக்கும் ஏற்பாட்டிலும் இதே ஆபத்து உண்டு. 5-ஆம் பதிப்பில், இன்ன செய்தி இத்தனை வினாடிக்குமேல் செல்லாது என்று காலவரையறை குறிக்க இடம் வைத்திருக்கின்றனர். கருவி அதனை உபயோகிக்கின்றதா என்று கேட்டல் தகும்.

நிலையத்துக்கும் கருவிக்கும் உள்ள தொடர்பு எப்போதும் திறந்தபடியே இருக்கும். பேச விஷயம் இல்லாத காலத்திலும், குறித்த இடைவேளைக்குள் கருவி ஒரு சிறு குரல் கொடுக்க வேண்டும். நிலையம் பதில் குரல் கொடுக்கும். இடைவேளையின் அளவைப்போல் ஒன்றரை மடங்கு காலம் குரல் கேளாவிடில், கருவி போயிற்று என்று நிலையம் தீர்மானிக்கும். இடைவேளை 60 வினாடி என்றால் 90 வினாடியில் தெரிந்துவிடும். 65,535 வினாடி, அஃதாவது 18 மணி நேரத்துக்குச் சற்று மேல் வரையில் இதனை நீட்டலாம். ஆனால் அவ்வளவு நீட்டினால் தலையாரி விடியற்காலையில் ஒரு முறை மட்டும் ஊரைச் சுற்றி வந்ததுபோல ஆகும். குரல் ஒன்றுக்கு 2 பைட்டே ஆயினும், அதனைச் சுமந்து செல்லும் உறைகளையும் சேர்த்து ஒரு சுற்றுக்குச் சுமார் 124 பைட் என்று கொண்டால், நிமிஷத்துக்கு ஒன்றாக ஒரு நாளைக்கு 1,78,560 பைட்டும், மாதத்துக்கு 54 லட்சம் பைட்டுக்குச் சற்றுக் குறைவாகவும் ஆகும். கைப்பேசியில் எடுத்த இரண்டொரு படங்களை அனுப்பும் செலவே இது. ஆகையால் செலவைக் காட்டி இடைவேளையை நீட்டுவதற்கு நியாயமில்லை.

இவ்விடத்தில் இம்முறைமையை வகுத்தவர்களின் முன்யோசனை பாராட்டத்தக்கது. கருவியானது நிலையத்துடன் முதலில் சேரும்போதே ஓர் உயிலை எழுதிக் கொடுத்துவிடுகின்றது. 'நான் சொல்லாமல் மறைந்துவிட்டால், இன்ன தலைப்பில் இன்ன செய்தியை எல்லாருக்கும் அறிவியுங்கள்' என்பது அதன் வாசகம். ஆங்கிலத்திலும் உயில் என்னும் பொருள்பட்ட சொல்லையே இதற்கு வைத்திருக்கின்றனர். கருவி முறைப்படி விடை பெற்றுச் சென்றால் உயில் கிழித்தெறியப்படும். மின்சாரம் போயோ, சிக்னல் அறுந்தோ, திருடன் பெட்டியைக் கழற்றியோ தொடர்பு அற்றால், 'தொடர்பு இல்லை' என்று உயிலின்படி அறிவிப்பு வரும்.

ஊராட்சி உத்தியோகஸ்தர்கள் இதனை விசேஷமாகக் கவனிக்க வேண்டும். தொட்டியின் நீர்மட்டம் 'நிறைவு' என்று கடைசியாகச் சொல்லிவிட்டுக் கருவி பழுதானால், உயில் அமைக்கப்படாத ஏற்பாட்டில் திரை என்றென்றும் 'நிறைவு' என்றே காட்டிக்கொண்டிருக்கும். தெருக் குழாயில் தண்ணீர் வரவில்லை என்று ஜனங்கள் முறையிடுவார்கள். உத்தியோகஸ்தரோ தம் திரையை நம்பி, தொட்டி நிறைந்திருப்பதாகப் பதில் சொல்வார். இரு தரப்பாரும் உண்மையே பேசுவர். நடுவில் வழக்கு வளரும். எனவே நீர்மட்டத்தோடு, அது இன்ன நாள் இன்ன மணிக்கு அளந்தது என்பதும் திரையில் தோன்றவேண்டும் என்று ஒப்பந்தக்காரரிடம் எழுத்து மூலம் கேட்டுப் பெறுக.

ஒவ்வொரு கருவிக்கும் தனிப் பெயரெண் உண்டு. இரண்டு கருவிகளுக்கு ஒரே பெயரெண்ணைத் தவறி இட்டுவிட்டால், இரண்டாவது வந்தவுடன் நிலையம் முதலாவதைத் தள்ளிவிடும். தள்ளப்பட்டது மறுபடி வந்து இரண்டாவதைத் தள்ளும். இவ்வாறு இரண்டும் ஓயாமல் மாறிமாறி அறுந்துகொண்டிருக்கும். ஒரே பட்டா எண்ணை இருவர் பேரில் எழுதிய கணக்கு எப்படிக் கலகம் விளைக்குமோ அப்படியே. கருவி சரியாயிருந்தும் சில நிமிஷங்களுக்கு ஒரு முறை அறுந்து சேர்கின்றது என்று கண்டால், சிக்னலைக் குறை கூறுமுன் இதனையும் பார்க்கச் சொல்ல வேண்டும்.

பூட்டைப் பற்றி அதிகம் கூற வேண்டுவதில்லை, எனினும் விட்டுவிடவும் கூடாது. இம்முறைமைக்கு 1883 என்றும் 8883 என்றும் எண்ணிட்ட இரண்டு வாசல்கள் வழக்கில் உள்ளன. முன்னதில் செய்தி திறந்த கார்டாகச் செல்கின்றது. அடையாளச் சொல்லும் அப்படியே வெளிப்படையாகச் செல்லும். பின்னதில் யாவும் முத்திரையிட்ட உறைக்குள் செல்லும். அடையாளச் சொல் இன்றியே நுழையவிடும் தரகு நிலையமாயின், யாவும் வேண்டும் என்னும் குறியை ஒருவன் அனுப்பி, அங்கே பதிவான அத்தனை தோட்டங்களின் செய்திகளையும் கேட்கலாம்; விஷமம் செய்ய எண்ணினால் 'நிறுத்து' என்னும் ஆணையும் அனுப்பலாம். கம்பெனியார் எல்லாக் கருவிக்கும் பொதுவாக இட்டு அனுப்பும் அடையாளச் சொல்லைப் பொருத்திய அன்றே மாற்றிவிட வேண்டும்.

விற்ற கம்பெனி கடையை மூடிவிட்டால் தரகு நிலையமும் மூடப்படும். அப்போது நல்ல நிலையிலுள்ள கருவியும் வெறும் பெட்டியாகும். நிலையத்தின் விலாசத்தை உடையவரே மாற்றிக்கொள்ள இடமுண்டா என்று கேட்டு வாங்கினால் இக்குறை நீங்கும். மாஸ்கிட்டோ என்னும் தரகு மென்பொருள் விலையின்றிக் கிடைக்கின்றது. ஒரு சிறிய கம்ப்யூட்டரிலேயே ஓடும். கூட்டுறவுச் சங்கமோ உழவர் உற்பத்தியாளர் கம்பெனியோ, விஷயம் அறிந்த ஓர் இளைஞரைக் கொண்டு இதனை நடத்திக்கொள்ள முடியும். பெட்டிக்குள் 2ஜி தொடர்புக்கான பாகம் மட்டும் உள்ள கருவிகள் எல்லாக் கம்பெனியின் சிம்மிலும் வேலை செய்யமாட்டா. ஜியோவில் 2ஜி கிடையாது. கிணற்று மேட்டில் எந்தக் கம்பெனியின் சிக்னல் நிற்கின்றது என்பதை முதலில் பார்த்து, அதற்கேற்ற கருவியை வாங்குக.

பணம் கொடுக்குமுன், கொட்டகையில் நின்றபடியே மூன்று சோதனைகள் செய்து பார்க்கலாம். கருவி ஓடிக்கொண்டிருக்கும்போது அதன் மின்சாரத்தை நிறுத்தி, உள்ளே பாட்டரி இருந்தால் அதனையும் கழற்றி, கைப்பேசியில் 'தொடர்பு இல்லை' என்பது எத்தனை நிமிஷத்தில் தோன்றுகின்றது என்று கடிகாரத்தைப் பார்க்கவும். அந்நிலையிலேயே 'போடு' என்று ஆணை அனுப்பி, அரைமணி கழித்து மின்சாரத்தைத் திரும்பக் கொடுத்து, மோட்டார் தானே ஓடத் தொடங்குகின்றதா என்று பார்க்கவும். ஓடினால் அக்கருவியைத் திருப்பிக் கொடுத்துவிடலாம். மூன்றாவதாக, ஸ்டார்ட்டரிலிருந்து மோட்டாருக்குச் செல்லும் கம்பிகளை மெயின் சுவிட்சை இறக்கியபின் எலக்ட்ரீஷியனைக் கொண்டு கழற்றி, நுனிகளைக் காப்பிட்டு, மெயினை ஏற்றி, 'போடு' என்று அனுப்பவும். மோட்டாருக்கு மின்சாரமே செல்லாத இந்நிலையிலும் திரை 'மோட்டார் ஓடுகின்றது' என்று காட்டுமாயின், அது ஆம்பியரை அளக்கும் கருவி அன்று.

இரண்டாம் சோதனையில் தேறிய கருவியாயினும், திறந்த கிணற்றில் பம்பைச் சரி பார்க்கவோ தூர் எடுக்கவோ ஆள் இறங்கும் நாளில் அதனை நம்புதல் கூடாது. வீட்டிலிருக்கும் பிள்ளையோ வெளியூரிலிருக்கும் அண்ணனோ விஷயமறியாது பொத்தானை அழுத்திவிடக் கூடும். பல மணி நேரத்துக்கு முன் அனுப்பிய ஆணை அப்போது வந்து சேரவும் கூடும். கைப்பேசியில் 'நிறுத்து' என்று அனுப்பிவிட்டு இறங்குவது போதாது. மெயின் சுவிட்சை இறக்கி, மூன்று பியூஸ் கட்டைகளையும் கழற்றி, கிணற்றில் இறங்குகின்றவரே அவற்றைத் தம் இடுப்பில் கட்டிக்கொண்டு இறங்க வேண்டும்.